அந்த வாட்சைக் கழற்றி அப்பா கையில் கட்டுங்கள்

முப்பது வயதுக்காரர்கள் கையில் கட்டிக்கொண்டு, மாடிப்படி ஏறினால் துடிப்பு எத்தனை, காபி குடித்தால் எத்தனை என்று பார்த்துக்கொண்டிருக்கும் அந்த ஸ்மார்ட் வாட்ச், உண்மையில் அவர்களுடைய அம்மா அப்பா கையில் இருக்க வேண்டியது. இதைச் சொன்னால் நண்பர்களுக்குக் கோபம் வருகிறது. வரட்டும்.

ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்று ஒன்று இருக்கிறது. டாக்டர்கள் சுருக்கமாக ஏ.எஃப் என்பார்கள். இதயத்தின் மேலறைகள் சீராகச் சுருங்காமல், கொதிக்கிற தண்ணீர் மாதிரி சலசலத்துக்கொண்டே இருக்கும். இடது மேலறையை ஒட்டிய சின்னப் பையில் ரத்தம் தேங்கும், தேங்கினால் உறையும். அந்தக் கட்டி கிளம்பி மூளைக்குப் போனால் பக்கவாதம். ஏ.எஃப் இருப்பவர்களுக்கு அந்த ஆபத்து சுமார் 5 மடங்கு.

எரிச்சலான விஷயம், இது வரும், போகும். ராத்திரி இரண்டு மணிக்கு வந்து விடிவதற்குள் போய்விடும். காலையில் போய் ஈசிஜி எடுத்தால் அது பார்ப்பது பத்து விநாடி. ‘நார்மல்’ என்று தாளைக் கிழித்துக் கையில் கொடுத்துவிடுவார்கள். சிலருக்குப் படபடப்பே இருக்காது. முதல் அறிகுறியே வாய் கோணிப்போவதாக இருக்கும்.

அதனால்தான் ‘ஹோல்டர் மாட்டிப் பார்க்கலாம்’ என்கிறார்கள். நாள் முழுக்க ஈசிஜியைப் பதிந்துகொண்டே இருக்கும் கருவி அது. பெயர் ஒரு மனிதருடையது. அமெரிக்காவின் மொன்டானாவைச் சேர்ந்த நார்மன் ஹோல்டர் 1940களில் செய்த முதல் கருவி 85 பவுண்டு, அதாவது 38 கிலோவுக்கு மேல். முதுகில் சுமந்துகொண்டு நடக்க வேண்டும். இன்று அந்த வேலையில் ஒரு பகுதியை மணிக்கட்டில் இருக்கும் பச்சை விளக்கு செய்கிறது. தோலுக்கடியில் ரத்தம் பாய்வதைப் பார்த்து, துடிப்புகளுக்கு இடையிலான நேரம் தாறுமாறாக இருந்தால் திரும்பத் திரும்பச் சோதித்துவிட்டுத் தகவல் அனுப்புகிறது.

இதை யார் கட்டியிருக்கிறார்கள் என்பதுதான் என் சண்டை. ஆப்பிள் வாட்சால் ஏ.எஃப்பைப் பிடிக்க முடியுமா என்று பார்க்க அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம் நடத்திய ஆப்பிள் ஹார்ட் ஸ்டடியில் 4,19,297 பேர் சேர்ந்தார்கள். முடிவு 2019இல் வந்தது. பாதிக்கு மேல் 40 வயதுக்குக் கீழே. 65 தொட்டவர்கள் சுமார் 6 சதவீதம். எச்சரிக்கை வந்தது மொத்தத்தில் 2,161 பேருக்கு. இளைஞர் கூட்டத்தில் அது 0.16 சதவீதம். 65க்கு மேல் 3 சதவீதத்தைத் தாண்டியது. மீன் இருக்கும் குளம் எது என்று தெரிந்தும் வேறு குளத்தில் தூண்டில் போட்டிருக்கிறோம்.

எச்சரிக்கை வந்தவர்களில் 450 பேர் நெஞ்சில் ஒட்டும் ஈசிஜி பட்டையைச் சில நாள் ஒட்டியிருந்துவிட்டுத் திருப்பி அனுப்பினார்கள். அதில் ஏ.எஃப் தெரிந்தது 34 சதவீதம் பேருக்குத்தான். ‘அப்போ மீதியெல்லாம் பொய்யா?’ என்று கேட்டால், அப்படியும் சொல்ல முடியாது. பட்டை ஒட்டியது பல நாள் கழித்து. வந்தது போயிருக்கலாம்.

சரி, கண்டுபிடித்துவிட்டால் பக்கவாதம் குறைந்துவிடுமா? என் கட்சிக்கு இடிக்கிற இடம் இதுதான். டென்மார்க்கில் 70 முதல் 90 வயதுக்குள், பிரஷர், சுகர் மாதிரி ஏதாவது ஒன்று இருந்த 6,004 பேரை எடுத்து, ஒரு பிரிவினருக்குத் தோலுக்கடியிலேயே கருவி வைத்துப் பார்த்தார்கள். கருவி வைத்தவர்களில் 31.8 சதவீதம் பேருக்கு ஏ.எஃப் பிடிபட்டது, வைக்காதவர்களில் 12.2. ஆனால் 2021இல் வந்த முடிவில், பக்கவாதம் குறைந்தது என்று உறுதியாகச் சொல்லும் அளவுக்கு வித்தியாசம் இல்லை. எப்போதோ சில நிமிடம் வந்துபோகும் ஏ.எஃப் எல்லாவற்றுக்கும் மருந்து தேவையில்லை போலிருக்கிறது. ரத்தம் உறையாமல் இருக்கத் தரும் மாத்திரைக்கு ரத்தக்கசிவு என்ற விலையும் உண்டு. யாருக்குத் தருவது என்று வயது, பிரஷர், சுகர் எல்லாம் பார்த்து டாக்டர்தான் சொல்ல வேண்டும். வாட்ச் சொன்னதை நம்பி வீட்டில் கிடக்கும் ஆஸ்பிரினை எடுத்துப் போட்டுக்கொள்வது வேலைக்கு ஆகாது. ஏ.எஃப்பில் பக்கவாதத்தைத் தடுக்க ஆஸ்பிரின் சரியான மருந்தே இல்லை.

அப்புறம், நம் ஊரில் சின்ன வயதில் ருமாட்டிக் காய்ச்சல் வந்து இதய வால்வு சுருங்கியவர்கள் நிறைய. அவர்களுக்கு நாற்பதுகளிலேயே ஏ.எஃப் வரலாம். அந்தக் கையிலும் இந்த வாட்ச் இல்லை.

வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளே, வாங்கி அனுப்பினால் பெட்டியோடு விட்டுவிடாதீர்கள், வீடியோ காலில் உட்கார்ந்து சொல்லிக்கொடுங்கள். ஈசிஜி வசதி இருக்கும் மாடலா என்று பாருங்கள். ஒழுங்கு தப்பினால் எச்சரிக்காமல் வெறும் துடிப்பை மட்டும் எண்ணும் வாட்சுகள் இந்த வேலைக்கு உதவாது. ஆப்பிள் வாட்சில் ஈசிஜி எடுக்கும்போது கையை டேபிள் மேல் வைத்து, மற்ற கை விரலால் பக்கவாட்டுத் திருகை 30 விநாடி தொட்டுக்கொண்டிருக்க வேண்டும், பேசக்கூடாது. அப்பாக்கள் பத்தாவது விநாடியில் ‘வருதாப்பா?’ என்று கேட்டுத் தலையைத் தூக்குவார்கள், கோடு குலைந்துவிடும். மறுபடியும் எடுக்கச் சொல்லுங்கள். இன்னொன்று: இது மாரடைப்பைக் கண்டுபிடிக்காது, ஆப்பிளே அப்படித்தான் சொல்கிறது. நெஞ்சு வலித்தால் வாட்சைப் பார்க்காமல் 108ஐக் கூப்பிட வேண்டும்.

வாங்க வசதி இல்லையென்றால் இரண்டு விரல் போதும். அம்மாவின் மணிக்கட்டில் கட்டைவிரல் பக்கம் வைத்து ஒரு நிமிடம் பாருங்கள். எப்போதாவது ஒன்று தப்பினால் பெரும்பாலும் பயமில்லை. ஒரு ஒழுங்கே இல்லாமல் தாறுமாறாக ஓடினால் அப்போதே கூட்டிக்கொண்டு போய் ஈசிஜி எடுத்துவிடுங்கள். ஞாயிறு கழியட்டும் என்று காத்திருந்தால் திங்கட்கிழமை மறுபடியும் ‘நார்மல்’ என்றுதான் கொடுப்பார்கள்.