முதலில் வந்தது கால்பிரெய்த்தின் தொடர்தான்

அண்ணாச்சி, ‘ஃப்ரீட்மேன் டாக்குமெண்டரிக்குப் பதிலடியாகத்தான் கால்பிரெய்த் ஒன்று எடுத்தார், ஃப்ரீட்மேன் நம்ம குலசேகரம் ரப்பரைப் பற்றிக்கூடப் பேசினார்’ என்று போட்டிருக்கிறீர்கள். இரண்டுமே சரியில்லை. பொருளாதார அறிஞர் கால்பிரெய்த்தின் டிவி தொடர் ‘தி ஏஜ் ஆஃப் அன்செர்ட்டன்டி’ பிபிசியில் 1977-ல் வந்துவிட்டது, சுதந்திரச் சந்தையை ஆதரித்த பொருளாதார அறிஞர் ஃப்ரீட்மேனின் ‘ஃப்ரீ டு சூஸ்’ அமெரிக்க டிவியில் 1980-ல்தான்.

அப்புறம் அந்த ரப்பர். தன் தொடரின் முதல் பாகத்தில் ஃப்ரீட்மேன் ஒரு பென்சிலைக் கையில் பிடித்துக்கொண்டு, மரம் ஓரிடம், கிராஃபைட் தென்னமெரிக்கா, நுனியிலிருக்கிற அழிக்கிற ரப்பர் அநேகமாக மலாயா, முன்பின் தெரியாத இத்தனை பேரையும் சேர்த்துவைப்பது விலைதான் என்பார். ரப்பர் மரம் மலாயாவுக்குச் சொந்தமில்லை, தென்னமெரிக்காவிலிருந்து பிரிட்டிஷ் அரசின் உதவியோடு கொண்டுவந்தது என்று அவரே சொல்கிறார் (சந்தையே எல்லாம் பார்த்துக்கொள்ளும் என்கிறவர்!). நம்ம குமரி மாவட்டத்துக் கீரிப்பாறை அரசு ரப்பர் தோட்டத்தைக் காட்டியிருந்தால் அவர் வாதத்துக்கே இடித்திருக்கும்.