கிளாரபெல்லை இன்னும் கொஞ்சம் எழுதியிருக்கலாம்

அமெரிக்கச் சிறுவர் தொலைக்காட்சிக் கலைஞர் பாப் கீஷன் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரை அருமை. 1955இல் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் அவர் கேப்டனாக வந்த 'கேப்டன் கங்காரு' சிறுவர் நிகழ்ச்சி தொடங்கியபோது அவருக்கு 28 வயதுதான். அந்தக் கிழவர் தோற்றமெல்லாம் ஒப்பனை. ஆனால் அதற்கு முன் 'ஹவுடி டூடி' என்ற சிறுவர் நிகழ்ச்சியில் அவர் போட்ட கிளாரபெல் வேடத்தை ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். கிளாரபெல் வாய் பேசாத கோமாளி. ஹார்ன் அடிக்கும், சோடாப் போத்தலால் தண்ணீர் பீச்சும். பேச்சே இல்லாமல் பிள்ளைகளைப் பிடித்து வைக்கப் பழகியவர்தான் பிறகு கேப்டனாக வந்து, கத்தாமல், அவசரப்படாமல் பேசினார். அந்த நிதானம் கோமாளி வேடத்தில் விளைந்தது என்றே நான் நினைக்கிறேன்.

திருகோணமலை உவர்மலையில் முன்பள்ளி ஆசிரியையாக இருக்கிறேன். நாம் குரலை உயர்த்தினால் பிள்ளைகளும் உயர்த்துவார்கள். கைப்பாவையை என் காதருகே கொண்டுபோய், அது ரகசியம் சொல்வதுபோல் தலையாட்டிக் கேட்டால், பின்னால் இருக்கும் வாண்டுகள்கூட "என்னவாம் ரீச்சர்?" என்று முன்னே நகர்ந்து வந்துவிடுவார்கள்.

அப்புறம் ஒரு வேண்டுகோள். 1982இல் இலங்கை அரசுத் தொலைக்காட்சியான ரூபவாஹினி வந்தபின் தமிழில் சிறுவர் நிகழ்ச்சி செய்த நம்மவர்களைப் பற்றியும் இதேபோல் எழுதுங்கள். அவர்களை நேரில் கேட்டு எழுத முடிகிற காலத்திலேயே எழுதுங்கள், தயவுசெய்து.