உடையார்குடியில் ஒரு மாமனார்

(காட்டுமன்னார்கோயில், உடையார்குடி அனந்தீஸ்வரர் கோயில். கல்வெட்டுக்கு முன்னால் மாமனாரும் மருமகனும்.)

மாமனார்: இதில் என்ன மாப்பிள்ளை எழுதியிருக்கு? யாராவது ஆடு விட்டு விளக்கு ஏற்றினார்களா?

மருமகன்: விளக்கு இல்லை மாமா, கொலைக் கேஸ். சுந்தர சோழரின் மூத்த மகன் ஆதித்த கரிகாலன், வீரபாண்டியன் தலையை எடுத்தவர், அவரைக் கொன்ற துரோகிகள் என்று பெயரோடு வெட்டி வைத்திருக்கிறார்கள். சோமன், ரவிதாசன், பரமேசுவரன், எல்லாம் கூடப்பிறந்தவர்கள்.

மாமனார்: எதிரி நாட்டு ஆட்களா?

மருமகன்: பட்டம் வாங்கின அதிகாரிகள் மாமா! ரவிதாசன் பஞ்சவன் பிரமாதிராஜன், அது பாண்டியன் பெயரில். பரமேசுவரன் இருமுடிச்சோழ பிரமாதிராஜன்.

மாமனார்: ஆளுக்கொரு கட்சி. எவன் ஆட்சிக்கு வந்தாலும் வீட்டுக்கு நஷ்டமில்லை. விவரமான குடும்பம்தான்.

மருமகன்: அப்புறம் கரிகாலனின் தம்பி அருள்மொழிதான் பட்டத்துக்கு வந்திருக்க வேண்டும். சிற்றப்பா உத்தம சோழருக்கு ஆசை இருந்ததால் விட்டுக்கொடுத்தார் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது. 985 வரைக்கும் சிற்றப்பா ஆட்சி.

மாமனார்: செப்பேடு யார் போட்டது?

மருமகன்: அருள்மொழி மகன், ராஜேந்திரன்.

மாமனார்: அப்பாவைப் பற்றிப் பையன் வேறு எப்படி எழுதுவான்? நானும்தான் தம்பிக்கு வரப்பை விட்டுக்கொடுத்ததாக ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன், சர்வேயர் வந்து அளந்து பிடுங்கிக் கொடுத்ததை யார் சொல்வது. சரி, சிற்றப்பா இவர்களைத் தொடவே இல்லையா?

மருமகன்: அங்கேதான் சண்டையே. வரலாற்று ஆசிரியர்களில் நீலகண்ட சாஸ்திரி உத்தம சோழர்மேல் சந்தேகப்பட்டார், சதாசிவ பண்டாரத்தார் மறுத்தார். இந்தக் கல்வெட்டு ராஜராஜனின் 2ஆம் ஆட்சியாண்டு.

மாமனார்: ராஜராஜன் யாரு புதுசா?

மருமகன்: அருள்மொழிதான் மாமா, பட்டத்துக்கு வந்ததும் அந்தப் பெயர்.

மாமனார்: தலையை எடுத்தாரா?

மருமகன்: இதில் தலையைப் பற்றிப் பேச்சே இல்லை, சொத்து பறிமுதல்தான். அவர்களோடது மட்டுமில்லை, பிள்ளைகளோடது, பெரியப்பாக்களோடது, தாய்மாமன்களோடது, அக்கா தங்கையைக் கட்டினவர்களோடது...

மாமனார்: அட, கல்யாணம் பண்ணின பாவத்துக்கா?

மருமகன்: ...அப்புறம், பெண் கொடுத்த மாமன்களோடதும்.

(மாமனார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி மாட்டிக்கொள்கிறார்.)

மாமனார்: மாப்பிள்ளை, போன வாரம் சாப்பிடும்போது உங்கள் மேனேஜரைப் பற்றி ஏதோ சொன்னீர்களே, கவிழ்க்காமல் விடமாட்டேன் என்று?

மருமகன்: அது சும்மா, கோபத்தில் சொன்னது மாமா!

மாமனார்: சும்மா என்றால் சரி. அந்த ஒன்றரை ஏக்கர் இன்னும் என் பெயரில்தான் இருக்கு.