தாயில்லாக் குட்டிக்குச் சீம்பால் ஆகாதா?

"தாய் செத்த ஆட்டுக்குட்டிக்குச் சீம்பால் கொடுத்தால் கழிச்சல் வரும், சர்க்கரைத் தண்ணீரே போதும்" என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. தவறு. நம்பினால் குட்டி பிழைப்பது கடினம்.

வெள்ளாட்டின் நஞ்சுக்கொடி வழியாக நோய் எதிர்ப்புச் சக்தி குட்டிக்குப் போவதில்லை. பிறந்த குட்டிக்கு அது சீம்பாலில்தான் கிடைக்கிறது. அதையும் குடல் அப்படியே உறிஞ்சிக்கொள்வது முதல் நாள் மட்டும். மணிக்கு மணி அந்தத் திறன் குறைந்துகொண்டே வரும். அதனால் முதல் இரண்டு மணி நேரத்துக்குள் முதல் வாய் உள்ளே போக வேண்டும். 2 கிலோ குட்டிக்கு முதல் நாளில் சுமார் 200 மில்லி, நாலைந்து தடவையாக. அன்று ஈன்ற வேறு ஆட்டிடம் கறக்கலாம். கிடைக்காவிட்டால் மாட்டுச் சீம்பாலும் உதவும். கொதிக்க வைக்காதீர்கள், திரிந்துவிடும். பாத்திரத்தை வெந்நீரில் வைத்து வெதுவெதுப்பாக்கினால் போதும்.

புகட்டும் முன் குட்டியின் வாய்க்குள் விரல் விட்டுப் பாருங்கள். சில்லென்று இருந்தால் முதலில் சாக்கில் சுற்றிச் சூடேற்றுங்கள். மல்லாத்திப் பிடித்துப் புகட்டவே கூடாது, பால் நுரையீரலுக்குள் போய்விடும். நிற்க வைத்து, தாய்மடியில் முட்டுவதுபோலத் தலை நிமிர்ந்திருக்கும்படி பாட்டிலைப் பிடியுங்கள்.

கழிச்சலுக்குக் காரணம் பெரும்பாலும் கழுவாத நிப்பிளும், ஒரேயடியாக ஊற்றும் பாலும்தான்.