கேரட் விதைத்த அராஜகம்

போன வாரம் நண்பர் ஒருவர் பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலத் தத்துவவாதி ஹெர்பர்ட் ஸ்பென்சர் படத்தைப் போட்டிருந்தார். அரசு ஒதுங்கிக்கொண்டால் மனிதன் தானே பிழைத்துக்கொள்வான், பிரிட்டனின் சுதந்திரவாத மரபு சொன்னது இதைத்தான் என்று கூடவே ஒரு குறிப்பு. கீழே இன்னொருவர் “அப்போ அராஜகம்தான்” என்று ஒரு வரி எழுத, அதற்கு ஏகப்பட்ட சிரிப்புப் பொம்மைகள். இரண்டு பேருக்குமே பதில் சொல்லவேண்டும் போலிருந்தது. கமெண்டில் அடங்காது என்பதால் இங்கே.

முதலில் இந்த அராஜகம். வாசலை மறித்து வண்டியை நிறுத்தினால் அராஜகம், கட்சிக்காரர் கடையை உடைத்தால் அராஜகம். சொல்லைப் பிரித்தால் ராஜா இல்லாத நிலை, அவ்வளவுதான். ராஜா இல்லையென்றால் அடிதடிதான் என்பது நாமாகச் சேர்த்துக்கொண்டது.

அந்த நிலையை இங்கிலாந்து ஒருமுறை நிஜமாகவே பார்த்தது. 1649 ஜனவரி 30-இல் முதலாம் சார்லஸ் மன்னரின் தலையை வெட்டினார்கள். இரண்டு மாதம் கழித்து, ஏப்ரல் 1, ஞாயிற்றுக்கிழமை, சர்ரேயில் செயின்ட் ஜார்ஜ் ஹில் என்ற பொட்டல் மேட்டில் சிலர் மண்வெட்டியோடு ஏறினார்கள். கொத்தி, கேரட்டும் பார்ஸ்னிப் கிழங்கும் பீன்ஸும் விதைத்தார்கள். ‘டிக்கர்கள்’ என்று பெயர் வந்தது, கொத்துகிறவர்கள் என்று பொருள். அவர்களில் முக்கியமானவர் ஜெரார்ட் வின்ஸ்டன்லி. லண்டனில் துணி வியாபாரம் செய்து நொடித்துப்போய், சர்ரேயில் மாடு மேய்த்துக்கொண்டிருந்த மனிதர். ராஜா போனால் மட்டும் போதாது, ராஜா பேரைச் சொல்லி நிலத்தை வளைத்து வைத்திருப்பவர்களின் பிடியும் போகவேண்டும் என்பது அவர் வாதம்.

அவர்களை அடித்தது யார் என்பதைத்தான் நான் கவனிக்கச் சொல்வேன். படைத்தலைவர் ஃபேர்ஃபாக்ஸ் முன்னால் வின்ஸ்டன்லியும் தோழர் எவரார்டும் தொப்பியைக் கழற்றாமல் நின்றார்கள். ஏன் என்று கேட்டதற்கு, அவரும் எங்களைப் போல ஒரு பிறவிதானே என்றார்கள். ஃபேர்ஃபாக்ஸ் அதைப் பெரிதுபடுத்தவில்லை. அடுத்த மாதம் தானே மேட்டுக்குப் போய்ப் பார்த்துவிட்டும் வந்தார். பயிரை மிதித்து ஆளை அடித்தவர்கள் உள்ளூர் நிலக்காரர்கள். கிங்ஸ்டன் கோர்ட்டில் அத்துமீறல் வழக்குப் போட்டு அபராதம் வாங்கிக் கொடுத்தார்கள், மாட்டை ஓட்டிக்கொண்டு போனார்கள். பின்னால் சிப்பாய்களும் வந்தார்கள்தான், ஆனால் அரசிடம் புகார் கொடுத்து வரவழைத்ததும் ஊர்ப் பெரியவர்களே. டிக்கர்கள் பக்கத்தில் கோபம் என்ற ஊருக்கு (ஊர்ப் பெயரே அதுதான்) மாறினார்கள். 1650 ஏப்ரலில் அங்கே போட்ட குடிசைகளும் எரிந்தன. எரித்த கூட்டத்துக்குத் தலைமை தாங்கியவர் பிளாட் என்ற பாதிரியார், அந்த நிலத்துக்கு உடையவரும் அவர்தான். செயின்ட் ஜார்ஜ் ஹில் இன்று கேட் போட்ட கோடீஸ்வரர் குடியிருப்பு. கோல்ஃப் மைதானமும் உண்டு.

வின்ஸ்டன்லியை அராஜகவாதி என்று சொல்லலாமா என்பது தனிச் சண்டை. 1652-இல் வந்த அவர் நூலில் சட்டமும் தண்டனையும் நிறையவே இருக்கின்றன, அதை அன்றைய படைத்தலைவர் கிராம்வெலுக்குச் சமர்ப்பணமும் செய்திருக்கிறார். அடிபட்டவருக்கு வந்த அலுப்பு என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

அடுத்து எல்லோரும் சொல்லும் பெயர் வில்லியம் காட்வின், ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ எழுதிய மேரி ஷெல்லியின் அப்பா. அரசே வேண்டாம் என்பதை 1793-இல் தத்துவமாக எழுதியவர். மரியாதை உண்டு, ஆனால் மண்வெட்டி பிடித்தவர்கள் அளவுக்கு அவர் என்னைத் தொட்டதில்லை. கடனில் மூழ்கி, 1833-இல் அரசுக் கருவூலத்திலேயே ஒரு பேருக்கான உத்தியோகத்தை வாங்கிக்கொண்டார். அடுத்த வருடம் அதே கருவூலத்தின் பழைய கணக்குக் குச்சிகளை எரிக்கப்போய் நாடாளுமன்றக் கட்டடமே எரிந்தது. தீக்கும் அவருக்கும் சம்பந்தம் இல்லை. இருந்தாலும் அவர் சம்பளம் வாங்கிய காலத்தில் நடந்ததை நினைத்தால் சிரிப்பு வருகிறது.

1886-இல் பிரெஞ்சுச் சிறையிலிருந்து வெளியே வந்து லண்டனில் குடியேறிய அராஜகவாதி க்ரோபோட்கின், சார்லட் வில்சனோடு சேர்ந்து ‘ஃப்ரீடம்’ என்ற அராஜகவாத இதழைத் தொடங்கினார். ரஷ்யாவில் இளவரசராகப் பிறந்தவர். அரசு இல்லாமல் எது நடக்கும் என்று கேட்டவர்களுக்கு அவர் காட்டிய உதாரணங்களில் ஒன்று பிரிட்டனின் உயிர்காப்புப் படகுச் சங்கம். கப்பல் உடைந்தால் புயலில் படகை இறக்கும் தொண்டர்களுக்கு உத்தரவு போட மந்திரி யாரும் தேவைப்படவில்லை. எனக்குப் பிடித்த வகை உதாரணம் இது, ஏனென்றால் அவர் எதிர்காலத்தைக் காட்டவில்லை, கண்ணெதிரே இருப்பதைக் காட்டினார்.

அந்த வழியில் கடைசிவரை போனவர் ஆங்கில எழுத்தாளர் காலின் வார்டு. 1945-இல் ஃப்ரீடம் குழுவினர்மேல், படைவீரர்களின் விசுவாசத்தைக் குலைக்கச் சதி செய்ததாக வழக்கு. பத்திரிகைக்குச் சந்தா கட்டிய சிப்பாய் என்பதால் வார்டைச் சாட்சிக்கு இழுத்து வந்தார்கள். படித்ததால் என் விசுவாசம் ஒன்றும் குலையவில்லை என்றார். அப்படியும் மூன்று பேருக்கு ஒன்பது மாதம் சிறை. சாட்சிக்கு வந்த சிப்பாய் பிற்பாடு அந்தக் கூட்டத்திலேயே சேர்ந்துவிட்டார்.

அவர் திரும்பத் திரும்ப எழுதியது 1946-இன் வீட்டுப் பஞ்சத்தைப் பற்றி. குண்டு விழுந்து வீடுகள் போயிருந்தன, போருக்குப் போனவர்கள் திரும்பிக்கொண்டிருந்தார்கள். ஸ்கன்தார்ப் ஊருக்கு வெளியே காலியாகக் கிடந்த பீரங்கி முகாமில் ஒரு சினிமா ஆபரேட்டர் குடும்பத்தோடு போய் உட்கார்ந்தார். அதைப் பார்த்து மற்றவர்களும். அக்டோபருக்குள் இங்கிலாந்திலும் வேல்ஸிலுமாக 1,000-க்கு மேற்பட்ட முகாம்களில் கிட்டத்தட்ட 40,000 பேர் குடியேறிவிட்டார்கள். அரசு வேறு வழியில்லாமல் ஒத்துக்கொண்டது. லங்காஷயரில் ஒரு முகாமைப் பற்றிய செய்தியை வார்டு எடுத்துக்காட்டுகிறார். அங்கே இரண்டு வகைக் குடும்பங்கள். தாமாகப் புகுந்தவர்கள், அப்புறம் அதிகாரிகள் கொண்டுவந்து வைத்தவர்கள். இருவருக்கும் வாடகை ஒன்றுதான், வாரம் 10 ஷில்லிங். தாமாக வந்தவர்கள் தடுப்பு வைத்து, திரை கட்டி, வெள்ளையடித்துக் குடித்தனம் நடத்தினார்கள். கொண்டுவந்து வைக்கப்பட்டவர்கள் கன்னத்தில் கை வைத்து உட்கார்ந்திருந்தார்கள்.

“பார்த்தீர்களா, அரசு உதவி ஆளைச் சோம்பேறியாக்கும்” என்று நம் நண்பர் இந்த இடத்தில் துள்ளுவார் என்று தெரியும். கொஞ்சம் பொறுங்கள். வெள்ளையடித்தவர்கள் முதலில் கூரையைப் பிடித்தார்கள், அதுவும் பிறர் உடைமையாக இருந்த கூரையை. அது கையில் வந்த பிறகுதான் சுயமுயற்சி எல்லாம். அரசையும் விலக்கி, கூரையையும் நிலக்காரரிடமே விட்டுவிட்டால் மிஞ்சுவது கோபம் ஊரில் நடந்ததுதான்.

சரி, ஸ்பென்சர். அவரைச் சும்மா தள்ளிவிட முடியாது. 1905-இல் லண்டனில் இந்திய விடுதலைக்காக ஷியாம்ஜி கிருஷ்ணவர்மா தொடங்கிய ‘இந்தியன் சோஷியாலஜிஸ்ட்’ இதழின் முகப்பிலேயே ஸ்பென்சர் வாசகம்தான். 1909-இல் ராஜத்துரோகம் என்று அதன் அச்சகக்காரரைச் சிறைக்கு அனுப்பியதும், 22 வயது கை ஆல்ட்ரெட் என்ற லண்டன் அராஜகவாதி, பத்திரிகைச் சுதந்திரம் என்றால் என்ன என்று பார்த்துவிடுகிறேன் என்று அடுத்த இதழை அச்சடித்தார். பன்னிரண்டு மாதம் போட்டார்கள். கிருஷ்ணவர்மா லண்டனில் இந்திய மாணவர்களுக்காக நடத்திய இந்தியா ஹவுஸ் விடுதியில் அந்நாட்களில் வ.வே.சு. ஐயரும் இருந்தார், சென்னையிலிருந்து போன எம்.பி.டி. ஆச்சார்யாவும் இருந்தார். ஆச்சார்யா பிற்பாடு கம்யூனிஸ்டாகி, அதையும் விட்டு, அராஜகவாதியாகவே 1954-இல் பம்பாயில் இறந்தார். நம் ஆட்களில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்?

ஸ்பென்சர் 1851-இல் எழுதிய முதல் புத்தகத்தில் இரண்டு அத்தியாயங்கள் உண்டு. ஒன்று, அரசை மதிக்காமல் விலகி நிற்க ஒவ்வொருவருக்கும் உரிமை உண்டு என்பது. இன்னொன்று, நிலம் தனியார் சொத்தாக இருப்பது நியாயமே இல்லை என்பது. வின்ஸ்டன்லி படித்திருந்தால் கையைப் பிடித்துக் குலுக்கியிருப்பார். எனவே நண்பரே, ஸ்பென்சரைப் பகிர்வதென்றால் தாராளமாகப் பகிருங்கள், அந்த 1851 பதிப்பிலிருந்து. 1892-இல் அவரே சுருக்கித் திருத்தி வெளியிட்ட பதிப்பில் இரண்டையும் எடுத்துவிட்டார்.