உச்சிக்குழியில எண்ணெய் ஊத்தினாதான் மூடுமா?

வாட்ஸ்அப்ல ஒரு ஃபார்வர்டு சுத்துது. கைக்குழந்தையோட உச்சிக்குழி மண்டையில இருக்கற ஓட்டையாம், தினமும் விளக்கெண்ணெய் ஊத்தி ஊறவச்சாதான் மூடுமாம், இல்லன்னா மூளைக்குள்ள காத்து போயிடுமாம். சுத்தப் பொய்ங்க.

அது ஓட்டையே இல்ல. மண்டையோட்டு எலும்புங்க இன்னும் ஒண்ணு சேராத இடம், மேல தோலு, அதுக்குக் கீழ கெட்டியான சவ்வு, எண்ணெயோ காத்தோ மூளைக்கு இறங்க வழியே கிடையாது. பிரசவத்தப்ப எலும்புங்க கொஞ்சம் நகந்து குடுத்து தலை வெளிய வரணும், அப்புறம் மூளை வேகமா வளர இடம் வேணும், அதுக்குத்தான் இந்த இடைவெளி. பின்மண்டையில சின்னதா இன்னொண்ணு இருக்கு, அது 2, 3 மாசத்துல மூடிடும், உச்சியில இருக்கறது பெரும்பாலும் 12லருந்து 18 மாசத்துக்குள்ள, சிலதுக்கு 2 வயசு வரைக்கும்கூட ஆகும், எண்ணெய் வச்சாலும் வைக்காட்டியும் எலும்பு வளந்து தானா மூடும். அந்த இடம் லேசா துடிக்கறத பாத்து பதறாதீங்க, நாடித்துடிப்புதான். பாட்டி ஆசைக்கு ரெண்டு சொட்டு தடவினா தடவட்டும், அழுத்தித் தேய்க்காம இருந்தா போதும்.

பயப்பட வேண்டியது வேற. வாந்தி பேதியோட குழி உள்வாங்கியிருந்தா உடம்புல தண்ணி வத்தியிருக்கலாம். குழந்தை அழாம நிமிந்து இருக்கறப்பவும் அது புடைச்சே நின்னா, அதுவும் காய்ச்சலோடன்னா, உடனே ஆஸ்பத்திரிக்கு தூக்கிட்டு ஓடுங்க.