பெயிண்ட் அடிப்பது புனரமைப்பு இல்லை

நம்ம ஊர்ப் பூங்கா நீரூற்றின் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். "புதுப் பொலிவு" என்று தலைப்பு. தொட்டி முழுக்க நீலமும் வெள்ளையுமாக எனாமல் பெயிண்ட், சுற்றிலும் சீரியல் லைட். தண்ணீர் மட்டும் இல்லை. தண்ணீர் எங்கே என்று கேட்டதற்குத்தான் எனக்கு இத்தனை வசவு.

திரும்பவும் சொல்கிறேன். பெயிண்ட் அடிப்பது புனரமைப்பு இல்லை.

மும்பை ஃபோர்ட் பகுதியில் வேலை பார்த்த காலத்தில் ஃப்ளோரா ஃபவுண்டன் என்ற பழைய நீரூற்றைத் தாண்டித்தான் தினமும் போவேன். 1864-ல் கட்டியது. பைகுல்லா தோட்டத்துக்கென்று திட்டமிட்டு, கடைசியில் கோட்டையின் பழைய சர்ச்கேட் வாசல் இருந்த இடத்தில் வைத்தார்கள். இங்கிலாந்திலிருந்து வந்த போர்ட்லண்ட் சுண்ணாம்புக்கல். அதன் மேலும் இப்படித்தான் பெயிண்ட்டை அப்பியிருந்தார்கள். அதைப் பக்குவமாக நீக்கி, உடைந்த சிற்பங்களைச் சரிசெய்து, குழாய் வேலையும் பார்த்து, 2019-ல் தண்ணீரோடு திறந்தார்கள். அதற்குப் பெயர் புனரமைப்பு.

"அது மும்பை, பணக்கார ஊர்" என்கிறார்கள். பெயிண்ட்டைச் சுரண்டப் பணக்கார ஊர் எதற்கு? நம்ம தொட்டி செங்கல்லும் சுண்ணாம்புக் காரையும். உள்ளே போன ஈரம் வெளியே வர வழி வேண்டும். எனாமல் அதை அடைத்துவிட்டால் உப்பு உள்ளேயே பூத்து, காரை பொருக்குப் பொருக்காக உதிரும். இரண்டு மழைக்காலம் போனால் தெரியும்.

"குடிக்கவே தண்ணீர் இல்லாத மாவட்டத்தில் ஃபவுண்டன் ஒரு கேடா?" என்று கேட்டவருக்கு மட்டும் கொஞ்சம் நீளமாகச் சொல்ல வேண்டும். என் அம்மாவுக்குப் பல்லெல்லாம் பழுப்பு, வயதானபோது முட்டி மடங்காது. எல்லாம் போர் தண்ணீரில் இருந்த ஃபுளோரைடு. 2013-ல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் தொடங்கும்வரை எத்தனையோ வீடுகளில் அந்தத் தண்ணீர்தான். தண்ணீரின் அருமையை எனக்குச் சொல்லித்தர வேண்டாம். நீரூற்றில் அதே தண்ணீரைத்தான் மோட்டார் திரும்பத் திரும்ப ஏற்றி இறக்கும். வெயிலிலும் சாரலிலும் குறைகிற அளவுக்கு ஊற்றினால் போதும். அதற்குக் காவிரித் தண்ணீர் வேண்டாம், குடிக்க ஆகாத போர் தண்ணீரே போதும். உப்பு படிந்து நாசில் அடைக்கும், உண்மைதான். அவ்வப்போது கழற்றிச் சுத்தம் செய்ய ஒரு ஆள் வேண்டும். அந்த ஆளைப் போடாமல்தான் இது முதலில் நின்றே போனது.

சின்ன வயதில் சந்தைக்கு வந்தால் அப்பா எங்களை அந்த நீரூற்றருகே உட்கார வைத்துப் பொரி வாங்கித் தருவார். காசு கொடுக்காமல் உட்கார, வயதானவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் இந்த ஊரில் இப்போது எத்தனை இடம் மிச்சம்? தண்ணீர் விழுவதைப் பார்க்க ஒகேனக்கலுக்கு பஸ் ஏற எல்லாராலும் முடியுமா?

"உனக்கு விளம்பர ஆசை" என்று எழுதியவர் என்னோடு ஒரே பெஞ்சில் படித்தவர். அது வலிக்கிறது. அவரும் அந்தச் சாரலில் நனைந்து வீட்டில் அடி வாங்கியவர்தான்.

பெயிண்ட்டை இயந்திரம் வைத்துத் தேய்க்காமல் பக்குவமாக எடுங்கள். மோட்டாரைக் கழற்றி வைண்டிங்குக்கு அனுப்புங்கள். அந்தச் செலவில் என் பங்கை நேரில் வந்து தருகிறேன்.